ஹை ரெசல்யூஷன் ஆடியோ: உங்கள் காதுக்குக் கேட்கிறதா?

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கிய நண்பர்கள், வாங்கிய சில வாரங்களிலேயே என்னிடம் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "24 பிட், 192 கிலோ ஹெர்ட்ஸ் என்று போட்டுப் பாட்டு விற்கிறார்களே, அதை வாங்கலாமா? அதைக் கேட்க வேறு சவுண்ட் கார்டு போட வேண்டுமா?" ஒரே பாட்டைக் கேசட், சிடி, எம்பி3 என்று மூன்று முறை வாங்கியவர்கள் இவர்கள். நான்காவது முறையும் பணம் கொடுக்கத்தான் வேண்டுமா என்று தயங்குவது நியாயம் தானே!

பொதுவாகப் பதில் சொல்வதை விட, ஒரே ஒரு ஆல்பத்தை எடுத்துக் கொண்டு, வீட்டுக் கம்ப்யூட்டரிலேயே கேட்டுப் பார்த்துச் சொல்வது நல்லது என்று நினைத்தேன். நான் எடுத்துக் கொண்டது பிங்க் ஃப்ளாய்ட் என்னும் பிரிட்டிஷ் குழுவின் "த டார்க் சைட் ஆப் த மூன்". இந்தச் சோதனையை நீங்களும் இலவச புரோகிராம்களைக் கொண்டே செய்து பார்க்கலாம். வழிகளைக் கீழே தந்துள்ளேன்.

ஏன் இந்த ஆல்பம்?

1960களின் கடைசியில் இங்கிலாந்தில் சில ராக் குழுக்கள், மூன்று நிமிடப் பாட்டு என்னும் வழக்கத்தை விட்டு வெளியே வந்தன. நீளமான பாடல்கள், ஒன்றோடு ஒன்று தொடரும் கதை போன்ற அமைப்பு, சிந்தசைசர் போன்ற புதிய கருவிகள் என்று இசை அமைத்தார்கள். இதற்குப் புராக்ரசிவ் ராக் என்று பெயர். அந்த வகையில் உலகம் முழுவதும் போய்ச் சேர்ந்த ஆல்பம் இது. ரோஜர் வாட்டர்ஸ், டேவிட் கில்மோர், ரிச்சர்ட் ரைட், நிக் மேசன் ஆகிய நால்வரும் லண்டன் அபே ரோட்டில் இருந்த இஎம்ஐ ஸ்டூடியோவில் 1972ல் பதிவைத் தொடங்கினார்கள். 1973 மார்ச்சில் ஆல்பம் வெளிவந்தது. அமெரிக்காவின் பில்போர்ட் ஆல்பம் பட்டியலில் 1973 முதல் 1988க்குள் 741 வாரங்கள் இடம் பிடித்தது.

நமக்கு முக்கியமான காரணம் வேறு. ஒலிப்பதிவுத் துறையில் எந்தப் புதிய வடிவம் வந்தாலும், அதில் இந்த ஆல்பம் வந்து விடும். எல்பி ரெக்கார்டு, கேசட், சிடி எல்லாம் வந்தன. 2003ல், 30ம் ஆண்டையொட்டி, சூப்பர் ஆடியோ சிடியாக வந்தது. 2011ல் ப்ளூ ரே டிஸ்க்கில் 24 பிட், 96 கிலோ ஹெர்ட்ஸ் பதிவாக வந்தது. 2023ல், 50ம் ஆண்டில், 24 பிட், 192 கிலோ ஹெர்ட்ஸ் ஸ்டீரியோவும் டால்பி அட்மாஸ் பதிவும் வெளியாயின. எல்லாவற்றிற்கும் மூலம் 1972, 73ல் பதிவான அதே காந்த டேப்கள் தான். மூலம் ஒன்று, வடிவங்கள் பல. ஒப்பிட்டுப் பார்க்க இதை விட வசதியான ஆல்பம் கிடைப்பது அரிது.

எண்கள் என்ன சொல்கின்றன?

ஒலி என்பது காற்றில் செல்லும் அலை. கம்ப்யூட்டருக்கு அலை தெரியாது. எண் தான் தெரியும். எனவே அலையின் உயரத்தை விநாடிக்குப் பல ஆயிரம் தடவை அளந்து எண்ணாக எழுதி வைக்கிறோம். எத்தனை தடவை அளக்கிறோம் என்பது சாம்பிள் ரேட். ஒவ்வொரு அளவையும் எவ்வளவு நுணுக்கமாக எழுதுகிறோம் என்பது பிட் கணக்கு.

1982ல் விற்பனைக்கு வந்த மியூசிக் சிடியில் விநாடிக்கு 44,100 அளவுகள். ஒவ்வொன்றும் 16 பிட். அதற்கு மேல் போனால், அதாவது 24 பிட், 96 அல்லது 192 கிலோ ஹெர்ட்ஸ் என்று வந்தால், அதை ஹை ரெசல்யூஷன் என்கிறார்கள்.

இங்கு பலருக்கும் ஒரு சந்தேகம் வரும். "அளவுகள் அதிகம் என்றால் அலை இன்னும் வழவழப்பாக இருக்கும் அல்லவா? சிடியில் அது படிக்கட்டு போலத் தானே இருக்கும்?" விளம்பரப் படங்களில் அப்படித் தான் வரைந்திருப்பார்கள். உண்மை அதுவல்ல. ஓர் அலையின் வேகத்தைப் போல இரண்டு மடங்குக்கு மேல் அளந்து விட்டால், அந்த அலையை முழுமையாகத் திரும்பப் பெற முடியும் என்பது கணித விதி. 44,100ல் பாதி 22,050. அந்த எல்லைக்குள் உள்ள ஒலிகளை எல்லாம் சிடி படிக்கட்டு இல்லாமல் வழவழப்பான அலையாகவே திருப்பித் தரும். மனிதக் காது கேட்பது ஏறத்தாழ 20 முதல் 20,000 ஹெர்ட்ஸ் வரை. வயது கூடக் கூட மேல் எல்லை இறங்கிக் கொண்டே வரும். 96 கிலோ ஹெர்ட்ஸ் பதிவு 48,000 ஹெர்ட்ஸ் வரை பிடித்து வைக்கும். அந்தக் கூடுதல் பகுதி நம் காதுக்கு எட்டாத உயரம்.

பிட் கணக்குக்கு வருவோம். 16 பிட் என்றால் 65,536 படிகள். 24 பிட் என்றால் 1 கோடியே 67 லட்சத்திற்கும் மேல். கேட்கவே பிரமிப்பாக இருக்கிறது. ஆனால் பிட் கூடினால் பாட்டு கூர்மையாவதில்லை. அடியில் இருக்கும் இரைச்சல் தான் குறைகிறது. 16 பிட்டில் மிகப் பெரிய ஒலிக்கும் அடியிலுள்ள இரைச்சலுக்கும் இடையே சுமார் 96 டெசிபல் இடைவெளி. 24 பிட்டில் கணக்குப்படி 144 டெசிபல்.

1973 டேப்பின் நிலை என்ன? காந்த டேப்புக்கே உரிய "ஸ்ஸ்ஸ்" இரைச்சல், சிடியின் அடிமட்ட இரைச்சலை விட நன்றாகவே மேலே இருக்கும். ஆக, 24 பிட் பதிவில் நமக்குக் கூடுதலாகக் கிடைப்பது, அந்தப் பழைய டேப் இரைச்சலின் மிகத் துல்லியமான நகல்! கிண்டலுக்காகச் சொல்லவில்லை. கணக்கு அப்படித் தான் வருகிறது.

அப்படியானால் 24 பிட் வீணா? இல்லை. பாட்டைப் பதிவு செய்யும் இடத்தில், பல டிராக்குகளைக் கலக்கும் இடத்தில், பழைய டேப்பைப் பாதுகாக்க நகல் எடுக்கும் இடத்தில் அது அவசியம். அங்கே ஒலியைப் பலமுறை கூட்டிக் குறைத்து மாற்றுவார்கள்; அதற்கு இடம் வேண்டும். வேலை முடிந்த பாட்டை நாம் கேட்பது வேறு விஷயம்.

ஹார்ட் டிஸ்க்கில் எவ்வளவு இடம்?

ஆல்பம் சுமார் 43 நிமிடம் ஓடும். சுருக்காமல் வைத்தால், சிடி தரத்தில் சுமார் 455 எம்பி. 24 பிட், 96 கிலோ ஹெர்ட்ஸில் சுமார் 1.5 ஜிபி. 192 கிலோ ஹெர்ட்ஸில் கிட்டத்தட்ட 3 ஜிபி. அதே ஆல்பம் 320 கேபிபிஎஸ் எம்பி3யாக இருந்தால் சுமார் 103 எம்பி போதும்.

பெரிய பைல்களைச் சுருக்க ஃபிளாக் என்னும் வடிவம் இருக்கிறது. 2001ல் வெளியான இது முற்றிலும் இலவசம். ஜிப் பைல் போலத் தான் இதுவும். சுருக்கினாலும் ஓர் எண் கூடத் தொலையாது. பொதுவாக அளவு பாதியை ஒட்டிக் குறையும். எம்பி3 அப்படியல்ல. காதுக்குத் தெரியாது என்று கருதும் ஒலிகளைத் தூக்கி எறிந்து விட்டுத் தான் சுருக்கும். எறிந்தது எறிந்தது தான்.

எனவே எம்பி3 பைலை ஃபிளாக் ஆக மாற்றினால் தரம் உயரும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். பைல் தான் பெருக்கும்.

விண்டோஸ் நடுவில் செய்யும் வேலை

ஹை ரெசல்யூஷன் பைலை வாங்கி இயக்கி விட்டால் மட்டும் அது அப்படியே ஸ்பீக்கருக்குப் போய்ச் சேராது. விண்டோஸ், எல்லா புரோகிராம்களின் ஒலியையும் ஒன்றாகக் கலந்து, ஒரே சாம்பிள் ரேட்டுக்கு மாற்றித் தான் வெளியே அனுப்புகிறது. அந்த ரேட் 48,000 என்று இருந்தால், உங்கள் 96,000 பைலும் அதற்குத் தான் மாற்றப்படும்.

இதைப் பார்க்க, டாஸ்க் பாரில் உள்ள ஸ்பீக்கர் ஐகானில் ரைட் கிளிக் செய்து, சவுண்ட் செட்டிங்ஸ் தேர்ந்தெடுங்கள். விண்டோஸ் 11ல், கிடைக்கும் விண்டோவில் கீழே சென்று மோர் சவுண்ட் செட்டிங்ஸ் கிளிக் செய்யவும். பிளேபேக் டேபில், நீங்கள் பயன்படுத்தும் ஸ்பீக்கரையோ ஹெட்போனையோ தேர்ந்தெடுத்து, பிராப்பர்ட்டீஸ் அழுத்துங்கள். அடுத்து அட்வான்ஸ்டு டேப். அங்கே டிபால்ட் பார்மட் என்ற இடத்தில் பட்டியல் இருக்கும். உங்கள் சவுண்ட் கார்டு எதுவரை ஏற்கும் என்பதும் இந்தப் பட்டியலிலேயே தெரிந்து விடும். வேண்டியதைத் தேர்ந்தெடுத்து ஓகே கிளிக் செய்து வெளியேறவும்.

இன்னொன்று. சாதாரண புளூடூத் ஹெட்போன் வைத்திருப்பவர்கள் கவனிக்க வேண்டும். புளூடூத் வழியே போகும்போது ஒலி மறுபடியும் சுருக்கப்படுகிறது. ஒப்பிட்டுப் பார்க்கும் நேரத்திலாவது ஒயர் உள்ள ஹெட்போனைப் பயன்படுத்துங்கள்.

இனி கேட்போம்

ஆல்பத்தின் தொடக்கத்தில் முழு அமைதி. அதிலிருந்து மெல்ல ஓர் இதயத் துடிப்பு எழுந்து வரும். நிக் மேசனின் பேஸ் டிரம்மைக் கொண்டு உண்டாக்கிய ஒலி அது. இந்த முதல் சில விநாடிகள் உங்கள் கம்ப்யூட்டருக்கு ஒரு பரீட்சை. துடிப்பு கேட்பதற்கு முன் "உய்ய்" என்ற இரைச்சலோ, மவுஸை நகர்த்தும்போது கரகரப்போ கேட்டால், அது மதர் போர்டில் உள்ள சவுண்ட் பகுதியில் புகும் மின் இரைச்சல். என் பழைய டெஸ்க்டாப்பில், முன் பக்க ஹெட்போன் துளையில் இந்தக் கரகரப்பு தெளிவாகக் கேட்டது. பின் பக்கத் துளைக்கு மாற்றியதும் பெரும்பாலும் போய் விட்டது. செலவு ஒன்றும் இல்லை.

"ஆன் த ரன்" என்ற பகுதியில், சிந்தசைசரில் வாசித்த 8 ஸ்வரங்கள் வேகம் கூட்டப்பட்டுத் திரும்பத் திரும்பச் சுழலும். நடுவே ஒருவர் ஓடும் காலடி ஓசை, ஒரு பக்கத்தில் இருந்து மறு பக்கத்திற்குப் போகும். உங்களுக்கு அது நகரவே இல்லை, நடுவிலேயே நிற்கிறது என்றால், ஸ்டீரியோ சரியாக இல்லை. ஜாக் முழுவதும் நுழைந்திருக்கிறதா, செட்டிங்ஸில் மோனோ ஆடியோ தேர்வாகி இருக்கிறதா என்று பாருங்கள்.

அடுத்து "டைம்". ஒரு பெரிய கடிகாரக் கூட்டமே ஒரே நேரத்தில் அலறும். ஆலன் பார்சன்ஸ் என்ற சவுண்ட் இன்ஜினியர், நான்கு ஸ்பீக்கர் வழி கேட்கும் முறையைச் செய்து காட்டுவதற்காக, ஒரு பழங்காலக் கடிகாரக் கடையில் ஒவ்வொரு கடிகாரத்தையும் தனித்தனியாகப் பதிவு செய்து வைத்திருந்தார். அது தான் இங்கே பயன்பட்டது. மணி அடிக்கும் அந்தத் திடீர் தாக்குதல், எம்பி3க்குப் பரம விரோதி. குறைந்த பிட் ரேட்டில் சுருக்கிய எம்பி3யில், ஒவ்வொரு அடிக்கும் முன்னால் லேசான சலசலப்பு முந்திக் கொண்டு வந்து, மணி ஓசை கலங்கிப் போகும்.

"த கிரேட் கிக் இன் த ஸ்கை" பாட்டில் சொற்கள் பாடப்படுவதில்லை. ஒரு பெண் குரல் மட்டும் உச்சத்திற்கு ஏறி இறங்கும். கிளேர் டோரி என்ற பாடகி 1973 ஜனவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து, 30 பவுண்ட் ஊதியத்திற்குப் பாடிக் கொடுத்தது. 2004ல் அவர் வழக்குத் தொடுத்தார். 2005ல் சமரசம் ஆகி, அதன் பின் வந்த பதிப்புகளில் இசையமைப்பில் அவர் பெயரும் சேர்ந்தது. குரல் உச்சத்திற்குப் போகும்போது ஹெட்போன் பிசிறு தட்டினால், ஒலி அளவைக் கொஞ்சம் குறைத்துக் கேளுங்கள். அப்போதும் பிசிறினால் ஹெட்போனை மாற்றும் நேரம் வந்து விட்டது.

"மணி" பாட்டு, காசு கொட்டும் ஓசை, காகிதம் கிழியும் ஓசை, கல்லாப் பெட்டி ஓசை என்று தொடங்கும். டேப்பைச் சம நீளத் துண்டுகளாக வெட்டி ஒட்டி, வளையமாகச் சுற்ற விட்டு உண்டாக்கிய தாளம் இது. சுற்றுக்கு 7 ஓசை; பாட்டும் பெரும்பகுதி 7 எண்ணிக்கையில் போகும். நம் கணக்கில் மிஸ்ரம். இன்று மவுஸால் காப்பி, பேஸ்ட் செய்து ஐந்து நிமிடத்தில் முடிக்கும் வேலையை, அன்று கத்தரித்து ஒட்டிச் செய்திருக்கிறார்கள்.

கேட்கும்போது இன்னொன்றையும் கவனியுங்கள். பெரும்பாலான பாடல்கள் இடைவெளி இல்லாமல் ஒன்றில் இருந்து அடுத்ததற்குப் போகும். எல்பி ரெக்கார்டைத் திருப்பிப் போடும் இடத்தில் மட்டும் தான் இயற்கையான நிறுத்தம். எம்பி3 வடிவம், பைலின் முன்னும் பின்னும் சிறு வெற்றிடத்தைச் சேர்த்து விடும். பிளேயர் அதைச் சரியாகக் கவனித்து நீக்காவிட்டால், பாட்டு மாறும் இடத்தில் "டக்" என்று ஒரு வெட்டு. ஃபிளாக்கில் இந்தத் தொல்லை இல்லை. இது காதுக்குச் சட்டென்று தெரியும் குறை.

யாரும் சொல்லாமல் கண்டுபிடிக்க முடியுமா?

எது ஹை ரெசல்யூஷன் என்று தெரிந்து கொண்டு கேட்டால், அது நன்றாக இருப்பது போலத் தான் தோன்றும். விலை கொடுத்து வாங்கியது அல்லவா! எனவே தெரியாமல் கேட்க வேண்டும். இதற்கு ஏபிஎக்ஸ் சோதனை என்று பெயர். கம்ப்யூட்டர் ஏ, பி என்று இரண்டு பைல்களைத் தரும். அவற்றில் ஒன்றை எக்ஸ் என்று மறைத்துத் தரும். எக்ஸ் என்பது ஏ தானா, பி தானா என்று நாம் சொல்ல வேண்டும்.

முதலில் பைல்களைத் தயார் செய்வோம். ஆடாசிட்டி என்ற இலவச புரோகிராமில் 24 பிட், 96 கிலோ ஹெர்ட்ஸ் பைலைத் திறந்து, எக்ஸ்போர்ட் பகுதியில் 44,100 ஹெர்ட்ஸ், 16 பிட் என்று தேர்ந்தெடுத்து வேறு பெயரில் சேமியுங்கள். அதே பைலில் இருந்து ஒரு 320 எம்பி3, ஒரு 128 எம்பி3 என்றும் எடுத்துக் கொள்ளுங்கள். எல்லாமே ஒரே மூலத்தில் இருந்து வர வேண்டும். இது முக்கியம்.

பின்னர் ஃபூபார்2000 என்ற இலவச பிளேயரையும், அதற்கான ஏபிஎக்ஸ் கம்ப்பேரேட்டர் என்ற கூடுதல் தொகுப்பையும் இன்ஸ்டால் செய்யவும். இரண்டு பைல்களைத் தேர்ந்தெடுத்து ரைட் கிளிக் செய்து, யுடிலிட்டீஸ் மெனுவில் ஏபிஎக்ஸ் பிரிவைத் தேர்ந்தெடுக்கவும். 16 சுற்று செய்யுங்கள். நாணயத்தைச் சுண்டிப் போட்டு விடை சொன்னால் கூட சராசரியாக 8 சரியாக வரும். 12 அல்லது அதற்கு மேல் சரியாகச் சொன்னால், அது வெறும் அதிர்ஷ்டமாக இருக்க வாய்ப்பு 100க்கு 4க்கும் குறைவு.

நான் "டைம்" பாட்டின் கடிகாரப் பகுதியை வைத்துச் செய்தேன். 128 எம்பி3யை 16ல் 14 முறை கண்டுபிடித்தேன். 320 எம்பி3யில் 8. சிடி தரத்திற்கும் 24 பிட், 96க்கும் இடையே 9. அதாவது கடைசி இரண்டிலும் என் காது நாணயம் சுண்டியதற்குச் சமம்.

என் காது மட்டும் தான் இப்படியா? 2007ல் மேயர், மோரான் என்ற இருவர் அமெரிக்காவில் நடத்திய சோதனை, ஆடியோ இன்ஜினியரிங் சொசைட்டியின் இதழில் வெளிவந்தது. ஹை ரெசல்யூஷன் ஒலியை நேராகவும், நடுவில் சிடி தரத்திற்கு இறக்கியும் கேட்க வைத்தார்கள். 554 முயற்சிகளில் 276 சரி. பாதிக்குச் சற்றே குறைவு. அதில் பயன்பட்ட சில டிஸ்க்குகளின் தரம் பற்றிக் குறை சொன்னவர்களும் உண்டு. பின்னர் 2016ல், லண்டன் குயின் மேரி பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஜோஷுவா ரீஸ், இது போன்ற 18 ஆய்வுகளின் 12,500க்கும் மேற்பட்ட முயற்சிகளை ஒன்றாகச் சேர்த்துப் பார்த்தார். சரியான விடை 52.3 சதவீதம். பயிற்சி பெற்றுக் கேட்டவர்களுக்கு இன்னும் கூடுதலாக வந்தது. ஆக, வித்தியாசம் அடியோடு இல்லை என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் அது மயிரிழை. அதற்காக ஹார்ட் டிஸ்க்கில் மூன்று, நான்கு மடங்கு இடமும் பர்ஸில் இருந்து கூடுதல் பணமும் தர வேண்டுமா என்பது தான் கேள்வி.

அப்படியானால் நன்றாகக் கேட்கிறதே, அது எப்படி?

"இல்லை சார், ஹை ரெசல்யூஷன் பதிப்பு நிஜமாகவே நன்றாக இருக்கிறது" என்று சொல்பவர்கள் பொய் சொல்லவில்லை. நானும் பழைய சிடிக்கும் புதிய பதிப்புக்கும் இடையே வித்தியாசம் கேட்கிறேன். ஆனால் காரணம் எண்கள் அல்ல, மாஸ்டரிங்.

டேப்பில் இருப்பதை டிஸ்க்குக்கோ பைலுக்கோ மாற்றும் முன், ஓர் இன்ஜினியர் உட்கார்ந்து எந்த ஒலி எவ்வளவு ஓங்க வேண்டும், மெல்லிய இடத்திற்கும் உரத்த இடத்திற்கும் எவ்வளவு வித்தியாசம் என்றெல்லாம் முடிவு செய்கிறார். இது தான் மாஸ்டரிங். சில நேரம் எல்லாம் உரக்கக் கேட்க வேண்டும் என்று மெல்லிய இடங்களைத் தூக்கி, உரத்த இடங்களை அழுத்தி விடுவார்கள். முதலில் கவர்ச்சியாகத் தோன்றும். பத்து நிமிடத்தில் காது களைத்து விடும்.

இதற்கு இந்த ஆல்பமே நல்ல உதாரணம். 2003ல் வந்த சூப்பர் ஆடியோ சிடி இரண்டு அடுக்கு கொண்டது. ஓர் அடுக்கில் உயர் தரப் பதிவு. இன்னோர் அடுக்கில் சாதாரண சிடி பிளேயரில் ஓடும் பதிவு. கம்ப்யூட்டரில் உள்ள சிடி, டிவிடி டிரைவ்கள் இந்த இரண்டாவதை மட்டும் தான் படிக்கும். அமெரிக்க ஆடியோ இதழான ஸ்டீரியோபைல் இரண்டையும் அளந்து பார்த்து, சிடி அடுக்கில் ஒலி அதிகம் அழுத்தப்பட்டிருப்பதைக் காட்டியது. ஒரே டிஸ்க், ஒரே ஆல்பம், வேறு வேறு மாஸ்டரிங்! இரண்டையும் மாற்றி மாற்றிக் கேட்டவர், "ஆகா, சூப்பர் ஆடியோவின் மகிமை" என்று தானே நினைப்பார்? அவர் கேட்டதில் பெரும்பகுதி வடிவத்தின் மகிமை அல்ல, அழுத்தாமல் விட்டதன் மகிமை.

அதே டிஸ்க்கில் இருந்த ஐந்து ஸ்பீக்கர் பதிவு இன்னொரு விதம். ஜேம்ஸ் குத்ரி என்ற இன்ஜினியர் பல டிராக் டேப்களுக்கே திரும்பிப் போய்ப் புதிதாகக் கலந்தது அது. 2023 அட்மாஸ் பதிவும் அவர் செய்ததே. கடிகாரங்கள் உங்களைச் சுற்றி அடிப்பது புதிய கலவையால் வரும் அனுபவம். ஹை ரெசல்யூஷன் என்ற சொல்லுக்கும் அதற்கும் சம்பந்தம் குறைவு.

எனவே வாங்கும் முன் எத்தனை பிட் என்பதை விட, எந்த ஆண்டு மாஸ்டரிங், யார் செய்தது என்று பாருங்கள்.

போலிகளைக் கண்டுபிடிக்க

சிடி பதிவையே பெரிய எண்ணுக்கு மாற்றி ஹை ரெசல்யூஷன் என்று விற்றால்? இதைக் கண்ணாலேயே பார்க்கலாம். பைலை ஆடாசிட்டியில் திறந்து, டிராக்கின் பெயர் உள்ள இடத்தில் கிளிக் செய்து, கிடைக்கும் மெனுவில் ஸ்பெக்ட்ரோகிராம் தேர்ந்தெடுக்கவும். ஒலி, வண்ணப் படமாகத் தெரியும். கீழே தாழ்ந்த ஒலி, மேலே உயர்ந்த ஒலி. 96 கிலோ ஹெர்ட்ஸ் பைலில் 22,000க்கு மேல் கத்தியால் வெட்டியது போல் வெறுமையாக இருந்தால், அது சிடியில் இருந்து ஊதிப் பெருக்கியது என்று சந்தேகிக்கலாம். 16,000 அருகிலேயே வெட்டு இருந்தால், அது குறைந்த தர எம்பி3யில் இருந்து வந்திருக்க வாய்ப்பு அதிகம்.

பணத்தை எதில் போடுவது?

என் காதில் கேட்டதை வைத்து வரிசையாகச் சொல்கிறேன்.

1. முதல் பணம் ஹெட்போனுக்கோ ஸ்பீக்கருக்கோ. மானிட்டருக்குள் இருக்கும் சிறிய ஸ்பீக்கரில் இதயத் துடிப்பே சரியாகக் கேட்காது. இங்கு கிடைக்கும் முன்னேற்றம் வேறு எங்கும் கிடைக்காது.

2. எல்லாத் துளைகளிலும் கரகரப்பு கேட்டால் மட்டும், யூஎஸ்பியில் செருகும் சிறிய டிஏசி ஒன்றை வாங்குங்கள். எண்களை மின் அலையாக மாற்றும் வேலையை, இரைச்சல் நிறைந்த பெட்டிக்கு வெளியே வைத்துச் செய்யும் கருவி இது. கரகரப்பு இல்லையென்றால் அவசரம் இல்லை.

3. உங்களிடம் உள்ள சிடிக்களை ஃபிளாக் ஆக மாற்றிச் சேமியுங்கள். எதுவும் தொலையாது, இடைவெளித் தொல்லையும் இல்லை. பிற்பாடு எந்த வடிவத்திற்கும் மாற்றிக் கொள்ளலாம். ஒரு பேக்கப்பும் எடுத்து வையுங்கள்.

4. ஏற்கனவே மாதச் சந்தா கட்டி இசை கேட்பவர்கள், தனியாகப் பைல் வாங்கும் முன் செட்டிங்ஸைப் பாருங்கள். ஆப்பிள் மியூசிக் 2021 ஜூன் முதல் 24 பிட், 192 கிலோ ஹெர்ட்ஸ் வரையிலான தரத்தைக் கூடுதல் கட்டணம் இன்றித் தருகிறது. மொபைல் டேட்டாவில் கேட்டால் எவ்வளவு செலவாகும் என்பதை மேலே சொன்ன கணக்கை வைத்துப் பார்த்துக் கொள்ளவும்.

5. ஒரு குறிப்பிட்ட பதிப்பின் மாஸ்டரிங் நன்றாக இருந்து, அது ஹை ரெசல்யூஷனில் மட்டும் தான் கிடைக்கிறது என்றால், தாராளமாக வாங்குங்கள். மாஸ்டரிங்குக்காக வாங்குகிறோம் என்று தெரிந்து வாங்குங்கள்.

இந்த ஆல்பத்தைப் பதிவு செய்தபோது அவர்களிடம் இருந்தது 16 டிராக் டேப். அதில் இடம் போதாமல், பதிவானதைக் கலந்து இரண்டாவது டேப்புக்கு மாற்றி, மீதி இடத்தில் மேலும் பதிவு செய்தார்கள். ஒவ்வொரு மாற்றத்திலும் இரைச்சல் கொஞ்சம் சேரத் தான் செய்யும். அந்த இரைச்சலோடு சேர்த்துத் தான் இத்தனை ஆண்டுகளாக உலகம் இதைக் கேட்டு வருகிறது. எண் போதவில்லை என்று யாரும் எழுந்து போகவில்லை.

ஒரு நாள் இரவு, மெயில், மெசேஜ் அறிவிப்புகளை எல்லாம் நிறுத்தி விட்டு, ஒயர் ஹெட்போனைப் பின் பக்கத் துளையில் செருகி, 43 நிமிடமும் நிறுத்தாமல் கேட்டுப் பாருங்கள். மறுநாள் ஏபிஎக்ஸ் சோதனையை 16 சுற்று செய்யுங்கள். 12க்கு மேல் வந்தால் ஹை ரெசல்யூஷன் பைல்களை வாங்க உங்களுக்குக் காரணம் இருக்கிறது. வராவிட்டால், மிச்சமாகும் பணத்தில் இன்னொரு நல்ல ஆல்பம் வாங்கலாம்.